கணினிக்குள் ஒரு குட்டி ஊர்: டர்பன் தமிழர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில், சாட்ஸ்வொர்த்தில் சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்ததும் பெரிய பிள்ளைகளில் சிலர் உடனே வீட்டுக்குப் போவதில்லை. மடிக்கணினியைத் திறந்து, அதற்குள் ஒரு குட்டி ஊரை உண்டாக்கி, அந்த ஊர்க்காரர்கள் என்ன செய்கிறார்கள் என்று கூடிப் பார்க்கிறோம். பிள்ளைகளை அழைத்துப்போக வந்த பெற்றோர் வாசலில் நின்று கேட்டவையும், கோயில் கமிட்டிப் பெரியவர்கள் கேட்டவையும் இங்கே இருக்கின்றன. வாசலில் அவசரமாகச் சொன்ன பதில்களை உட்கார்ந்து எழுதியிருக்கிறேன்.

சிமுலேஷன் என்கிறீர்களே, அது என்ன? பிள்ளைகள் விளையாடும் வீடியோ கேம் போலவா?

பார்க்க அப்படித்தான் இருக்கும். திரையில் சின்னச் சின்னப் புள்ளிகள் நகரும். ஒவ்வொரு புள்ளியும் ஓர் ஆள். அந்த ஆள் எப்போது என்ன செய்வார் என்று இரண்டு மூன்று விதிகளை நாம் எழுதிக் கொடுக்கிறோம். பிறகு எல்லோரையும் ஒரே இடத்தில் விட்டுவிட்டு, கூட்டமாக என்ன நடக்கிறது என்று பார்க்கிறோம். தமிழில் 'போலச்செய்தல்' என்று எழுதலாம். பேச்சில் நாங்களும் சிமுலேஷன் என்றுதான் சொல்கிறோம்.

விமான நிலையத்துக்குப் பக்கத்தில் மவுண்ட் மோர்லாண்டில் கோடைக்கால மாலையில் போய் நின்றிருக்கிறீர்களா? லட்சக்கணக்கில் தகைவிலான் குருவிகள் நாணல் புதருக்குள் அடையும் முன் வானத்தில் ஒரே உடம்பாகத் திரும்பும். அவற்றுக்குத் தலைவன் கிடையாது. கிரெய்க் ரெனால்ட்ஸ் என்பவர் 1987-ல் இப்படிப்பட்ட கூட்டத்தைக் கணினியில் மூன்றே விதிகளால் பறக்க வைத்துக் காட்டினார்: பக்கத்தில் இருப்பவர்மேல் மோதாதே, அவர்கள் போகும் திசையில் போ, அவர்களைவிட்டு ரொம்ப விலகாதே. 'கூட்டமாகத் திரும்பு' என்று அதில் எங்கும் எழுதவில்லை. ஆனாலும் கூட்டம் திரும்பியது. யாரும் திட்டமிடாத ஒன்று எல்லோரும் சேர்ந்ததால் நடந்துவிடுவதைப் பார்க்கத்தான் இந்த வேலையே.

மனித மனம் கடல் மாதிரி. அதை இரண்டு விதிக்குள் அடைக்க முடியுமா?

முடியாது. யாரும் அடைக்கவும் இல்லை. ஒரு மனிதனின் மனம் முழுவதும் நமக்குத் தேவைப்படுவதில்லை, அவன் எடுக்கும் ஒரு முடிவு போதும். கோயில் வரிசையில் நிற்பவருக்கு வீட்டில் ஆயிரம் கவலை இருக்கலாம். வரிசை நகரும் வேகத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை.

என்னைப் பொறுத்தவரை இதில் பெரிய நன்மை வேறொன்று. 'சனங்கள் இப்படித்தான்' என்று நாம் வாயால் சொல்லிவிட்டுப் போகிறோம். அதையே கணினிக்குச் சொல்லும்போது, எப்படி, எத்தனை பேர், எப்போது என்று ஒவ்வொன்றாக எழுத வேண்டியிருக்கிறது. நாம் எதை நம்புகிறோம் என்பது அப்போதுதான் நமக்கே தெரிகிறது.

இதை முதலில் யார் செய்தார்கள்?

பலர். பிள்ளைகளுக்கு முதலில் காட்டுவது தாமஸ் ஷெல்லிங் என்ற அமெரிக்கப் பொருளியலாளரின் வேலையைத்தான். அவர் கணினியில்கூடத் தொடங்கவில்லை. கட்டம் போட்ட பலகையில் இரண்டு வகை நாணயங்களைக் கலந்து வைத்தார். ஒரு நாணயத்தைச் சுற்றி இருப்பவற்றில் மூன்றில் ஒரு பங்காவது தன் வகையாக இருந்தால் அது அங்கேயே இருக்கும். இல்லாவிட்டால் வேறு காலி இடத்துக்கு நகரும். அவ்வளவுதான் விதி. மூன்றில் ஒரு பங்கு போதும் என்றால், அக்கம்பக்கத்தில் பெரும்பாலோர் வேறு வகையாக இருந்தாலும் சம்மதம் என்றுதானே அர்த்தம்? அப்படியிருந்தும் சில சுற்றுகளில் பலகை இரண்டாகப் பிரிந்துவிடும். இங்கே நாங்கள் 30 சதவீதம் போதும் என்று வைத்து ஓட்டினால்கூட, கடைசியில் ஒவ்வொருவரைச் சுற்றியும் தன் வகையினர் சராசரியாக 70 சதவீதத்தைத் தாண்டிவிடுகிறார்கள். ஷெல்லிங் இதை 1971-ல் விரிவாக எழுதினார். 2005-ல் அவருக்குப் பொருளியல் நோபல் கிடைத்தது.

அப்படியென்றால் டர்பனில் நாமாகவே பிரிந்துபோனோமா?

இதைக் கேட்டவர் ஒரு அம்மா. கார் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய அப்பா டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில் காய்கறித் தோட்டம் போட்டவர். தோட்டமும் வீடும் போய் சாட்ஸ்வொர்த்தில் ஒரு சின்ன வீட்டுக்கு வந்தவர்கள். அவர் குரலில் கோபம் இருந்தது. அந்தக் கோபம் நியாயமானது.

இல்லை, நாமாகப் பிரியவில்லை. ஷெல்லிங்கின் பலகையில் சட்டம் இல்லை, போலீஸ் இல்லை, புல்டோசர் இல்லை. டர்பனில் எல்லாம் இருந்தன. 1946-லேயே இந்தியர்கள் எங்கே நிலம் வாங்கலாம் என்று கட்டுப்படுத்தும் சட்டம் வந்தது. அதை எதிர்த்து நம்மவர்கள் சத்தியாக்கிரகம் செய்து சிறைக்குப் போனார்கள். 1950-ல், எந்த இனத்தார் எங்கே வாழலாம் என்று பிரிக்கும் குழுப் பகுதிச் சட்டம் வந்தது. அதன்படி 60-களில் சாட்ஸ்வொர்த், 1976 முதல் ஃபீனிக்ஸ் என்று இந்தியர்களுக்கு ஒதுக்கிய ஊர்கள் எழும்பின. இதை 'மக்களின் விருப்பம்' என்று யாராவது ஒரு கணினிப் படத்தைக் காட்டிச் சொன்னால், அது வரலாற்றைத் திரிப்பது.

அந்தக் கேள்விக்காகவே அடுத்த வாரம் பிள்ளைகளும் நானும் எங்கள் மாதிரியை, அதாவது விதிகளால் ஆன அந்தக் குட்டி ஊரை, மாற்றினோம். ஒரு சுற்று ஒரு வருஷம் என்று வைத்தோம். முதல் 41 சுற்றுக்கு ஒரு சட்டம்: இந்த வகை ஆள் கோட்டுக்கு இந்தப் பக்கம், அந்த வகை அந்தப் பக்கம், மீறினால் கட்டாயமாக நகர்த்தப்படுவார். 1950-லிருந்து 1991 வரை, அதாவது சட்டம் நீக்கப்பட்ட ஆண்டுவரை. 42-ஆவது சுற்றில் சட்டத்தை எடுத்துவிட்டோம். எல்லோருக்கும் அதே பெரிய மனசு, 30 சதவீதம் போதும். நூறு சுற்று ஓட விட்டோம்.

ஒருவர்கூட நகரவில்லை.

யோசித்தால் காரணம் புரியும். சட்டம் பிரித்து வைத்த பலகையில் ஒவ்வொருவரைச் சுற்றியும் தன் வகையினரே இருக்கிறார்கள். கோட்டோரத்தில் இருப்பவருக்குக்கூடப் பக்கத்து எட்டுப் பேரில் ஐந்து பேர் தன் வகை. குறையென்று சொல்ல யாருக்கும் எதுவும் இல்லை, அதனால் நகரவும் யாருமில்லை. யாரையாவது தற்செயலாக அந்தப் பக்கம் கொண்டுபோய் வைத்தால், அவர் தனியாக நிற்கிறார். முதல் ஆள் எப்போதும் தனியாள்தான். அடுத்த சுற்றிலேயே திரும்பி வந்துவிடுகிறார்.

வெறுப்பே இல்லாத மனிதர்களை வைத்தும், சட்டம் போட்ட கோடு சட்டம் போன பிறகும் நிற்கிறது! உண்மையான டர்பனில் வீட்டு விலை, வேலை, பள்ளிக்கூடம், டாக்ஸி வழித்தடம் என்று இன்னும் எத்தனையோ இருக்கின்றன, குடும்பங்கள் இடம் மாறிக்கொண்டும் இருக்கின்றன. ஆனால் 'சட்டம்தான் போய்விட்டதே, இன்னும் ஏன் இப்படி?' என்று கேட்பவர்களுக்குக் காட்ட இதைவிடத் தெளிவான ஒன்று என்னிடம் இல்லை. அந்த அம்மா மறுபடி வந்தபோது ஓட்டிக் காட்டினோம். 'முதல் ஆளோட கூட ரெண்டு பேரை வெச்சுப் பாருங்க' என்றார். வைத்தோம். சில இடங்களில் நின்றார்கள்.

குடும்பம், ஊர் சரி. ஒரு நிர்வாகத்தை இப்படிப் புரிந்துகொள்ள முடியுமா? எங்கள் கமிட்டியில் நாலு மணி நேரம் பேசுகிறோம், எதுவும் முடிவாவதில்லை.

உலகம் முழுக்க இதே கதைதான். 1972-ல் மைக்கேல் கோஹன், ஜேம்ஸ் மார்ச், ஜோஹான் ஓல்சன் மூவரும் இதையே கணினியில் போட்டுப் பார்த்தார்கள். அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'குப்பைத்தொட்டி மாதிரி'. கூட்டம் என்பது ஒரு தொட்டி. அதில் ஒருவர் பிரச்சினையைப் போடுகிறார். இன்னொருவர் தான் வெகுநாளாக வைத்திருக்கும் தீர்வைப் போடுகிறார், அந்தத் தீர்வுக்கும் இந்தப் பிரச்சினைக்கும் சம்பந்தமே இருக்காது. ஆட்கள் வருகிறார்கள், போகிறார்கள். எது எப்போது தொட்டிக்குள் ஒன்றாக இருந்ததோ, அதைப் பொறுத்து முடிவு வருகிறது.

அவர்கள் கண்டது: சுமை குறைவாக இருந்தால் தவிர, பிரச்சினையை உண்மையிலேயே தீர்த்து முடிவெடுப்பது அதிகம் நடப்பதில்லை. பெரும்பாலும் பிரச்சினையைக் கவனிக்காமலே சட்டென்று ஒரு முடிவு எடுக்கப்படும். அல்லது அந்தப் பிரச்சினை வேறு கூட்டத்துக்குத் தாவிப் போன பிறகு, மிச்சத்துக்கு முடிவு வரும். கூரை ஒழுகுவதைப் பேசத் தொடங்கி கடைசியில் ஒலிபெருக்கி வாங்க முடிவெடுத்த கூட்டத்தில் நீங்களும் உட்கார்ந்திருப்பீர்கள். அதில் யாருடைய குணத்தையும் குறை சொல்ல வேண்டியதில்லை. ஒரே கூட்டத்தில் எத்தனை விஷயம் வைக்கிறோம் என்பதைக் குறைத்துப் பாருங்கள்.

இளையவர்களைக் கமிட்டியில் சேர்த்தோம். ஒரே வருஷத்தில் அவர்களும் எங்களைப் போலவே பேசுகிறார்கள். நல்லதுதானே?

பார்வைக்கு நல்லது. ஆனால் அதே ஜேம்ஸ் மார்ச் 1991-ல் செய்த மாதிரி எனக்கு ரொம்பப் பிடித்தது, அதைச் சொல்லாமல் விட மனசில்லை. ஒரு நிறுவனத்தில் 50 பேர். உலகத்தைப் பற்றி 30 விஷயங்கள், ஒவ்வொன்றிலும் சரி ஒன்று, தவறு ஒன்று. நிறுவனத்துக்கென்று ஒரு 'வழக்கம்' இருக்கிறது. ஆட்கள் வழக்கத்திடமிருந்து கற்கிறார்கள். வழக்கமும், தன்னைவிடச் சரியாகச் சொல்லும் ஆட்களிடமிருந்து கற்கிறது.

ஆட்கள் வழக்கத்தை வேகமாகக் கற்றுக்கொண்டால் என்ன ஆகும்? எல்லோரும் சீக்கிரம் ஒரே மாதிரி ஆகிவிடுவார்கள். அப்புறம் வழக்கம் யாரிடமிருந்து கற்கும்? தவறுகள் தவறாகவே உறைந்துவிடும். மெதுவாகக் கற்பவர்கள் இருந்த நிறுவனமே நாள்போக்கில் அதிகம் சரியாக இருந்தது. அளவாகப் புது ஆட்கள் வந்துகொண்டே இருந்தாலும் நல்லது நடந்தது. ஆகவே, 'நம்ம கோயில்ல இப்படித்தான்' என்று முதல் மாதமே புதுப் பெண்ணுக்குச் சொல்லிவிடாதீர்கள். அவள் கேட்கும் கேள்வியைக் கொஞ்ச நாள் கேட்க விடுங்கள்.

எங்களுக்கு நேரடியாகப் பயன்பட்ட ஓர் உதாரணம் சொல்லுங்கள்.

காவடி நாள் சாப்பாட்டு வரிசை. ஒரு வருஷம் வெயிலில் வயசானவர்கள் வெகுநேரம் நின்றார்கள், ஒரு பாட்டிக்கு மயக்கமே வந்துவிட்டது. அடுத்த வருஷம் மூன்றாவது மேசை போடலாம் என்று எல்லோரும் சொன்னார்கள். மேசை போட்டால் பரிமாற ஆள் வேண்டும், ஆள் இல்லை.

வகுப்புப் பெண் ஒருத்தி, பதினாறு வயசு, அடுத்து வந்த ஒரு விசேஷத்தில் தால் அண்டா பக்கத்தில் போனைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒரு தட்டுக்கு எத்தனை வினாடி என்று குறித்தாள். பிரியாணி, தால், ஊறுகாய், தட்டு நீட்டல் எல்லாம் சேர்த்துப் பத்து வினாடிகூட ஆகவில்லை. ஆனால் அண்டா காலியானதும், சமையல்கட்டுக்கு ஆள் போய், அங்கே யாரையாவது கூப்பிட்டு, இரண்டு பேராகத் தூக்கி வர நாலைந்து நிமிஷம். அந்த நேரம் வரிசை அப்படியே நிற்கிறது, பின்னால் ஆள் சேர்ந்துகொண்டே இருக்கிறார்கள்.

இதை மாதிரியில் போட்டோம். மூன்றாவது மேசை போட்டால் கொஞ்சம்தான் குறைந்தது, ஏனென்றால் மூன்று அண்டாவும் காலியாகும். கால் பங்கு மிச்சமிருக்கும்போதே அடுத்த அண்டா பின்னால் வந்து நின்றால் நிறையக் குறைந்தது. அதற்கு ஒரே ஒரு ஆள் போதும், அண்டாவை மட்டும் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். அந்த வருஷக் காவடிக்கு அப்படியே செய்தோம். பாட்டிகள் நிழலுக்குச் சீக்கிரம் வந்தார்கள்.

இதில் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டிய கணக்கு ஒன்று உண்டு. ஒரே ஆள் பரிமாறும் வரிசை, மக்கள் தாறுமாறான நேரத்தில் வருகிறார்கள், ஒவ்வொருவருக்கும் பரிமாற ஆகும் நேரமும் தாறுமாறாக மாறுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். பரிமாறுபவர் தன் நேரத்தில் 80 சதவீதம் வேலையாக இருந்தால் அங்கே சராசரியாக 4 பேர் இருப்பார்கள். 95 சதவீதம் வேலையாக இருந்தால் 19 பேர். கொஞ்சம்தானே கூடியது என்று நினைப்போம், வரிசை கிட்டத்தட்ட ஐந்து மடங்காகிவிடும். கிளினிக்கிலும் உள்துறை அலுவலகத்திலும் நாம் நிற்கும் வரிசைகளின் ரகசியம் இதுதான். எல்லோரையும் முழு நேரமும் வேலையில் வைத்தால் நிர்வாகம் திறமையாகத் தெரியும், வாசலில் கூட்டம் நிற்கும்.

தமிழ் இங்கே பிழைக்குமா? அதையும் கணினி சொல்லுமா?

1860 நவம்பர் 16-ஆம் தேதி மெட்ராஸிலிருந்து ட்ரூரோ கப்பல் டர்பனுக்கு வந்து சேர்ந்தது. கரும்புத் தோட்டத்துக்கு வந்தவர்களில் தமிழ் பேசியவர்கள் ஏராளம். இன்று வீட்டில் தமிழ் பேசும் பிள்ளைகள் எத்தனை பேர் என்று நம் வகுப்பைப் பார்த்தாலே தெரியும். என் மனசுக்கு ரொம்பப் பக்கத்தில் இருக்கும் கேள்வி இது.

2003-ல் டேனியல் ஆப்ராம்ஸும் ஸ்டீவன் ஸ்ட்ரோகாட்ஸும் மொழிகள் மறைவதற்கு ஒரு மாதிரி செய்தார்கள். இரண்டு மொழி. ஒரு மொழியைப் பேசுபவர் எத்தனை பேர், அந்த மொழிக்கு எவ்வளவு மதிப்பு, இந்த இரண்டையும் பார்த்து ஆட்கள் மொழி மாறுகிறார்கள். வேல்ஸ் மொழி, ஸ்காட்லாந்தின் கேலிக் போன்றவற்றின் எண்ணிக்கையோடு அது பொருந்தியது. முடிவு கொடுமையானது: அப்படியே விட்டால் இரண்டில் ஒன்று மறையும்.

முதன்முதல் இதை வகுப்பில் சொன்னபோது ஒரு பையன் கேட்டான், 'சார், அதுல ரெண்டும் பேசறவங்க எங்கே?' சரியான கேள்வி. அந்த மாதிரியில் ஒருவர் ஒரு மொழிதான் பேச முடியும். 2005-ல் மிராவும் பரேடெஸும் இருமொழி பேசுபவர்களையும் சேர்த்து, ஸ்பெயினின் கலீசியப் பகுதிக்குப் பொருத்திப் பார்த்தார்கள். இரண்டு மொழியும் ஒன்றுக்கொன்று நெருக்கமாக இருந்தால் இருமொழிக்காரர்கள் வழியாக இரண்டுமே நிலைக்கலாம் என்று வந்தது. தமிழும் ஆங்கிலமும் அப்படி நெருங்கிய மொழிகள் இல்லை. அந்த ஆறுதல் நமக்கு முழுதாகக் கிடைக்காது.

ஆனால் மாதிரியில் 'மதிப்பு' என்பது ஒரு எண், அதைத் திருகிக் கூட்டலாம். அதுதான் நமக்குக் கைப்பிடி. 1996 அரசியலமைப்பில் மதித்து வளர்க்க வேண்டிய மொழிகளில் தமிழின் பெயர் எழுதப்பட்டிருக்கிறது. அது ஒரு மதிப்பு. பிள்ளைகள் தங்கள் மாதிரியில் தமிழ் மட்டுமே பேசும் ஒரு பாட்டியை வீட்டுக்கு வீடு வைத்தார்கள். பாட்டி இருந்தவரை பேரப்பிள்ளைகள் இருமொழி பேசினார்கள். பாட்டியை எடுத்ததும் இரண்டு தலைமுறைக்குள் வீடு ஒரு மொழிக்குப் போனது. பிறகு பாட்டிக்குப் பதிலாக வாரத்துக்கு ஒரு வகுப்பு வைத்தார்கள், போதவில்லை. வகுப்போடு தமிழ் பேசும் நாலு நண்பர்களை வைத்தபோது, தமிழ் பேசுபவர் எண்ணிக்கையைக் காட்டும் கோடு கீழே விழாமல் நின்றது. நாங்களே எழுதிய விதிகள், அதனால் இதை நிரூபணம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதற்கப்புறம்தான் வகுப்பு முடிந்ததும் பிள்ளைகளை உடனே கலைத்து அனுப்புவதை நிறுத்தினேன்.

நம்பிக்கையைக்கூட ஓட்டிப் பார்க்கலாமா? சீட்டு, ஸ்டோக்வெல் (இங்குள்ள சேமிப்புக் குழு) எல்லாம் நம்பிக்கையில்தானே நடக்கிறது?

ராபர்ட் ஆக்செல்ராட் 1980-ஐ ஒட்டி ஒரு போட்டி வைத்தார். இரண்டு நிரல்கள், அதாவது கணினி புரோகிராம்கள், திரும்பத் திரும்பச் சந்திக்கும். ஒவ்வொரு முறையும் ஒத்துழைக்கலாம், ஏமாற்றலாம். முதல் போட்டிக்கு 14 நிரல்கள் வந்தன, இரண்டாவதற்கு 62. இரண்டிலும் வென்றது அனடோல் ராப்போபோர்ட் அனுப்பிய மிகச் சின்ன நிரல்: முதலில் ஒத்துழை, அப்புறம் எதிராளி போன முறை செய்ததையே செய். ஒரு குறை உண்டு. யாராவது தவறிப்போய் ஒருமுறை பிசகினால் இருவரும் மாறி மாறிப் பழிவாங்கிக்கொண்டே போவார்கள். அவ்வப்போது மன்னிக்கும் நிரல் அங்கே மேலாக நடந்துகொள்வதைப் பின்னால் கண்டார்கள். சீட்டில் ஒரு மாதம் தாமதமானவரை உடனே விலக்காதீர்கள் என்று நம் பெரியவர்கள் சொல்வது வெறும் இரக்கம் இல்லை.

உண்மை வரலாற்றோடு எந்த மாதிரியாவது பொருந்தியிருக்கிறதா?

அமெரிக்காவின் அரிசோனாவில் லாங் ஹவுஸ் பள்ளத்தாக்கு என்று ஒன்று. அங்கே மக்காச்சோளம் பயிரிட்ட மக்கள் 1300-ஐ ஒட்டி இடத்தையே விட்டுப் போய்விட்டார்கள். ஆய்வாளர்கள் பழைய மழை, மண், விளைச்சல் விவரங்களை வைத்து, வீடு வீடாக அந்தப் பள்ளத்தாக்கைக் கணினியில் நடத்தினார்கள். மக்கள்தொகை ஏறியதும் இறங்கியதும் நன்றாகவே ஒத்துப்போனது. கடைசியில் மட்டும் ஒத்துப்போகவில்லை: கணினியில் கொஞ்சம் பேர் அங்கேயே பிழைத்திருக்க முடிந்தது, உண்மையில் எல்லோரும் போய்விட்டார்கள். பசி மட்டும் காரணமில்லை, உறவும் சமூகமும் சேர்ந்து இழுத்திருக்க வேண்டும் என்ற எண்ணம் அந்தப் பொருந்தாத இடத்திலிருந்துதான் பிறந்தது. மாதிரி தவறும்போதுதான் அதிகம் சொல்லித்தருகிறது.

இதை வைத்து யாராவது நம்மை ஏமாற்ற முடியுமா?

முடியும். விதியை எழுதுபவர் விரும்பிய முடிவை வரவைக்கலாம். யாராவது அழகான படம் காட்டினால் மூன்று விஷயம் கேளுங்கள். விதிகளை எழுத்தில் காட்டுவாரா? எண்களைக் கொஞ்சம் மாற்றினாலும் அதே முடிவு வருமா? எத்தனை முறை ஓட்டினார்? தற்செயல் கலந்த மாதிரியை ஒரே முறை ஓட்டிவிட்டு முடிவு சொல்வது, ஒருமுறை தாயம் போட்டுவிட்டுக் கட்டை எப்போதும் ஆறுதான் விழும் என்பது போல.

எனக்குக் கணக்கு வராது, வீட்டில் மின்சாரமும் நம்ப முடியாது. நான் தொடங்கலாமா?

தாராளமாக. நெட்லோகோ என்ற மென்பொருள் இலவசம். யூரி விலென்ஸ்கி 1999-ல் பிள்ளைகளும் ஆய்வாளர்களும் பயன்படுத்தும்படி உருவாக்கியது. ஷெல்லிங்கின் மாதிரி அதன் நூலகத்திலேயே இருக்கிறது, உலாவியிலும் ஓடும். பைத்தான் என்ற கணினி மொழி தெரிந்தவர்களுக்கு மேசா என்ற தொகுப்பு உண்டு.

கரண்ட் போன இரவில் நாங்கள் செய்வது இது. தாளில் எட்டுக்கு எட்டு கட்டம் போடுங்கள். பச்சைப்பயறு இருபத்திநாலு, கொண்டைக்கடலை இருபத்திநாலு எடுத்துக் கலந்து வையுங்கள், பதினாறு கட்டம் காலியாக இருக்கட்டும். மெழுகுவத்தியைப் பக்கத்தில் வைத்து, மூலையிலிருந்து ஒவ்வொன்றாகப் பாருங்கள். சுற்றியுள்ளவற்றில் மூன்றில் ஒன்றுக்குக் குறைவாகத் தன் வகை இருந்தால் பிடித்த காலியிடத்துக்கு நகர்த்துங்கள். யாரும் நகர வேண்டியில்லை என்ற நிலை வரும்வரை சுற்றுங்கள். சின்னப் பிள்ளைகள் இருந்தால் கூடுதலாக நாலு கடலை வைத்துக்கொள்ளுங்கள், நடுவில் தின்றுவிடுவார்கள்.